குழிப்பந்துக்கு ஒரு திருவரங்கம்!



எட்டாம் வகுப்பு மாணவன் ஒருவன் அண்மையில் ஒரு வினாவொடு என்முன் வந்து நின்றான். திருவரங்கத்தினின்று காவிரிப் பாலம் கடந்து நாள்தோறும் பள்ளிக்கு வருபவன் அவன். கையில் ஒரு பழைய செய்தித்தாள். அதில் சென்னைக் கிண்டியின் குழிப்பந்தாட்டக் 'கிளப்' பற்றிய ஒரு செய்தி. "ஐயா, கிளப் என்பதற்குத் தமிழ் என்ன?" என்றான். "மன்றம் எனலாம், கழகம் எனவும் வழங்குவர்" என்றேன். அவன் முகம் மலர்ந்தது. "மன்றம் என்றால் எல்லாரும் போகலாமே! நாமும் உள்ளே போய்ப் பார்க்கலாமா, ஐயா?" என்றான்.

விடை கூற எனக்கு நா எழவில்லை. மன்றம் என்றால் எவரும் புகலாம் என்று அச்சிறுவன் எண்ணியது பிழையன்று. யான் கூறிய மொழிபெயர்ப்பே பிழை. முப்பதாண்டு தமிழ் கற்பித்தவன் ஒரு சொல்லில் தவறினேன். அத்தவற்றைத் திருத்திக் கொள்ளவும், அச்சொல்லின் பின்னே மறைந்து கிடக்கும் நிலப்பறிப்பின் வரலாற்றைத் தமிழர்க்கு எடுத்துரைக்கவுமே இக்கட்டுரை.

மன்று வேறு, கிளப் வேறு

மன்று என்பது யாது? ஊர் நடுவே மரநிழலில் ஊரார் கூடும் பொதுவிடம். வழக்குக் கேட்டு முறை செய்ததும் ஆங்கே. மாலையில் ஆனிரை வந்து நின்றதும் ஆங்கே. இளையோர் ஆடிக் களித்ததும் ஆங்கே. அதற்கு வேலியில்லை, வாயிலோன் இல்லை, நுழைவுக் கட்டணம் இல்லை. சோழர் செப்பேடுகள் ஓர் ஊரைக் கொடையாகக் கொடுக்கும்போது அவ்வூரின் உடைமைகளை வரிசைப்படுத்திக் கூறும். அவ்வரிசையில் மன்று வரும், கன்றுமேய்பாழ் வரும், குளம் வரும். தஞ்சைப் பெரிய கோயிற் கல்வெட்டுகளோ, ஊர்நத்தம், குளம், ஊடறுத்துச் செல்லும் வாய்க்கால், சுடுகாடு ஆகியவற்றைத் தனித்தனியே அளந்து காட்டி, வரிகொள்ளும் நிலக்கணக்கினின்று அவற்றைக் கழித்துவிடும். எல்லார்க்கும் உரியதன்மேல் அரசனும் வரி கொள்ளலாகாது என்பது அந்நெறி. அவ்வாறு கணக்கிற்குப் புறம்பாகப் போக்கப்பட்ட பொதுநிலத்தின் வழிவந்த பெயரே புறம்போக்கு. இன்றோ அச்சொல்லை ஒருவனை வையும் வசைச்சொல்லாக்கி விட்டோம். பொதுவுடைமையைக் குறித்த சொல் இழிசொல்லாயின நாட்டில், பொதுநிலம் பறிபோனதில் வியப்பென்ன?

இனிக் கிளப் என்பதைக் காண்போம். ஆங்கிலத்தில் அச்சொல்லின் முதற்பொருள் தடி. குழிப்பந்தாட்டத்தில் பந்தை அடிக்கும் மட்டைக்கும் இன்றளவும் அதுவே பெயர். தடியைக் குறித்த சொல்லே பின்னர்க் கூட்டத்தையும் குறிப்பதாயிற்று. 'தடியெடுத்தவன் தண்டல்காரன்' என்னும் நம் பழமொழியை ஆங்கிலேயன் ஒரே சொல்லில் அடக்கிவிட்டான் போலும்! கூட்டம் என்னும் பொருளிலும் அது பொதுக்கூட்டமன்று. இன்னார் வரலாம், இன்னார் வரலாகாது என்று வரம்பு கட்டிய கூட்டம். மன்று திறப்பது; கிளப் அடைப்பது. ஒன்றை மற்றொன்றின் பெயரால் அழைத்தல், பூட்டைத் திறவுகோல் என்று அழைத்தலை ஒக்கும்.

கழகம் என்னும் பெயர் ஒருவாறு பொருந்தும் என்பேன். கற்றோர் கூடும் அவைக்கு அப்பெயர் உண்டெனினும், திருவள்ளுவர் சூது பற்றிய அதிகாரத்துள் அச்சொல்லைச் சூதாடுகளம் என்னும் பொருளிலேயே ஆள்கிறார். குதிரைமேற் பணங்கட்டும் இடத்திற்கு அப்பொருளில் அப்பெயர் தகும். தமிழ் வளர்த்த அவையின் பொருளில் தகாது. இக்கட்டுரையில் கிளப் என்பதைக் களிமன்று என்றே வழங்குவேன். மன்று என்னும் சொல்லுக்கு இழைத்த குறையை 'களி' என்னும் அடை சற்றே ஈடு செய்யட்டும்.

ஆட்டம் பிறந்த மண்ணில் அது பொதுவாட்டம்

குழிப்பந்தாட்டத்தின்மேல் நமக்குப் பகையில்லை. சிறு மட்டையால் சிறு பந்தை அடித்துத் தொலைவிலுள்ள குழியில் வீழ்த்தும் ஆட்டம் அது; கண்ணும் கையும் ஒன்றுபட வேண்டிய நல்லாட்டமே. நம் தெருப்பிள்ளைகள் ஒரு சாண் குழி தோண்டிக் கோலிக்குண்டு வீழ்த்தி ஆடுவதும் அவ்வினத்ததே. நம் பிள்ளைக்கு ஒரு முழ நிலம் போதும். களிமன்றினர்க்கு 18 குழிகளும் நூறு ஏக்கருக்கு மேற்பட்ட நிலமும் வேண்டும். வேறுபாடு அவ்வளவே!

அவ்வாட்டத்தின் தாயகம் சுகாத்துலாந்து. அந்நாட்டு வரலாற்றில் அது முதன்முதல் எழுத்தில் இடம்பெற்றதே தடையாணை ஒன்றில்தான். 1457ஆம் ஆண்டு, இரண்டாம் சேம்சு மன்னன் காலத்து நாடாளுமன்றம், குடிமக்கள் விற்பயிற்சியைக் கைவிட்டுக் காற்பந்திலும் குழிப்பந்திலும் பொழுது போக்குகின்றனர் என்று கூறி அவ்விரண்டையும் தடுத்தது. இதனால் அறிவதென்ன? அஃது அன்று மேட்டுக்குடியாட்டமன்று. வில்லெடுக்க வேண்டிய எளிய குடிமகனின் ஆட்டம்.

இன்னும் கேளுங்கள். அவ்வாட்டத்தின் தலைக்களமாக உலகமே போற்றுவது செயின்ட் ஆண்ட்ரூசு என்னும் கடலோர ஊர். அங்குள்ள ஆடுகளம் எவருடைய தனியுடைமையும் அன்று, ஊர்ப்பொது நிலம். உழவுக்குதவாத கடலோர மணல்மேட்டுப் புல்வெளியில் ஊரார் குழிப்பந்து ஆடலாம், காற்பந்து ஆடலாம் என்று 1552ஆம் ஆண்டிலேயே சாசனம் எழுதி ஊர்மக்களின் உரிமை உறுதி செய்யப்பட்டது. 1797ஆம் ஆண்டு கடனில் மூழ்கிய நகராட்சி அந்நிலத்தை முயல் வளர்க்கும் வணிகர்க்கு விட்டபோது, ஊரார் முறைமன்றத்திலும் களத்திலும் நின்று பல்லாண்டு போராடினர். 1894ஆம் ஆண்டு நாடாளுமன்றச் சட்டத்தின்வழி நிலம் மீண்டும் ஊருக்கே ஆயிற்று. ஞாயிற்றுக்கிழமைகளில் அப்பழங்களத்தில் ஆட்டத்தை நிறுத்தி, ஊரார் காலார உலாவ விட்டுவிடும் வழக்கம் இன்றும் அங்கே உண்டு.

தமிழர்களே, இதனை உள்ளத்தில் இருத்துங்கள்! தன் ஊரில் அவ்வாட்டத்தை மன்றில் ஆடியவன், நம் ஊருக்கு வந்தபோது அதற்கு வேலி கட்டினான். இங்கு இறக்குமதியானது ஆட்டமன்று, வேலியே!

படை வந்த வழியே களிமன்றும் வந்தது

இவ்வேலி நம் நாட்டில் எவ்வாறு முளைத்தது? நம் திருச்சிராப்பள்ளியின் கதையை அறிந்தார்க்கு இது எளிதில் விளங்கும். 1751 முதல் இவ்வூர்க் கோட்டைக்காக ஆங்கிலேயனும் பிரெஞ்சுக்காரனும் ஆற்காட்டு நவாபு உரிமையின் பெயரால் மோதினர். பிரெஞ்சுப் படை திருவரங்கத் தீவுக்குள் புகுந்து கோயில் மதில்களையே அரணாக்கிக் கொண்டிருந்து, 1752ஆம் ஆண்டு சூன் திங்களில் ஆங்கிலேயனிடம் சரணடைந்தது. எவர் நாட்டில் எவர் சண்டை! வென்றவன் ஊர் திரும்பவில்லை. படைக்குப் பாளையம் அமைத்தான். பாளையத்தின் அருகே பயிற்சி வெளி. அதனையொட்டிக் குதிரை ஓட்டும் வெளி. மாலையில் குடித்துக் களிக்க ஒரு கூடம். படைவீட்டின் பின்கட்டே களிமன்று.

இன்றும் நம் நகரில் காசாமலைப் பக்கம் செல்வார் ஒரு பெயர்ப்பலகையைக் காண்பர்: 'ரேசு கோர்சு சாலை'. குதிரை போயிற்று, குதிரைமேல் இருந்தவனும் போனான், பெயர் மட்டும் போகவில்லை. அச்சாலையில்தான் அண்ணா விளையாட்டரங்கம் உள்ளது. ஏழை வீட்டுப் பிள்ளைகள் விடியலில் வெறுங்காலொடு ஓடிப் பழகும் இடத்திற்கு, துரைமார் குதிரை ஓடிய பெயர்! நம் பிள்ளைகளின் கால்கள் அக்குதிரைக் காலினும் தாழ்ந்தனவோ?

ஊர்தோறும் இதே கதையே. 1829ஆம் ஆண்டு கல்கத்தாவில் தோன்றிய குழிப்பந்துக் களிமன்று, பிரித்தானியத் தீவுகளுக்கு வெளியே அவ்வாட்டத்திற்கு எழுந்தவற்றுள் மிகப் பழையது. 1876இல் பெங்களூர், 1879இல் கொழும்பு, 1893இல் கோலாலம்பூர், 1895இல் கோடைக்கானல். சென்னையில் 1884ஆம் ஆண்டு தோன்றிய சிம்கானாக் களிமன்றினர் கிண்டிக் குதிரைப் பந்தய வெளியின் நடுவே குழிப்பந்து ஆடினர். இவற்றை வரைபடத்தில் புள்ளியிட்டு இணைத்துப் பாருங்கள்: படையும் தேயிலையும் இரப்பரும் எங்கெங்குச் சென்றனவோ, அங்கங்கெல்லாம் குழியும் கொடியும் சென்றிருக்கும்.

உதகையைக் காணுங்கள். ஆளுநர் ஒருவரின் பெயரால் வென்லாக்கு வெளி என்று அழைக்கப்படும் மலைப்புல்வெளியில் அங்குள்ள களிமன்றின் ஆடுகளம் கிடக்கிறது. அந்நீலமலைப் புல்வெளிகள் வெள்ளையன் காலடி படுமுன் யாருடையவை? தொதவரின் எருமைகள் மேய்ந்தவை. எருமையை உயிரென மதித்து வாழ்ந்த அம்மக்கள் தம் மேய்ச்சல் நிலத்திலேயே அயலாராயினர். நிலத்துக்குரியவனின் பெயர் நிலத்தில் இல்லை. ஐந்தாண்டு இருந்து போன ஆளுநனின் பெயர் நிலைத்துவிட்டது.

அப்பந்தின் கதையும் நம்மோடு தொடர்புடையதே. 1848ஆம் ஆண்டளவில் தோலும் இறகும் கொண்டு செய்த பழைய பந்தை நீக்கி, மலாய்க் காட்டு மரத்தின் பாலால் ஆன பந்து வந்தது. 1898இல் இரப்பர் இழை சுற்றிய பந்து வந்தது. இருபதாம் நூற்றாண்டில் மலேயாத் தோட்டங்களில் விடியுமுன் எழுந்து இரப்பர் மரத்தைச் சீவிப் பால் எடுத்தவன் யாவன்? காவிரிக்கரையினின்றும் வறண்ட சிற்றூர்களினின்றும் கப்பலேறிய தமிழன். அவன் வடித்த பாலைப் பந்தாக உருட்டி, அவன் உழைத்த நாட்டிலேயே வேலியிட்ட புல்வெளியில் துரைமார் ஆடினர். அவன் பிள்ளை அவ்வேலிக்குள் நுழைய ஒரே வழி இருந்தது: துரையின் மட்டைப் பையைத் தோளில் சுமந்து பின்னே நடத்தல்!

614 உருபா 13 அணா

இனித் தலையான சான்றுக்கு வருவோம். சென்னைக் கிண்டியில் 160 ஏக்கர் 86 சென்ட் அரசு நிலம். குதிரைப் பந்தயம் நடத்தும் களிமன்றுக்கு அது 1945ஆம் ஆண்டு முதல் 99 ஆண்டுகளுக்குக் குத்தகையாக விடப்பட்டது. ஆண்டுக்குக் குத்தகைத் தொகை 614 உருபா 13 அணா. வகுத்துப் பார்த்தேன், ஏக்கர் ஒன்றுக்கு ஆண்டுக்கு நான்கு உருபாவும் தேறவில்லை! இன்னும் இரண்டே ஆண்டில் மூட்டை கட்டவிருந்த வெள்ளையாட்சி, 2044 வரை நம் நிலத்தை எழுதிக் கொடுத்தது. போகிறவன் தன் பிள்ளைக்கும் இவ்வளவு நெடிய முறி எழுதியிருப்பானோ?

160 ஏக்கர் என்றால் எவ்வளவு என்று தலைநகரத்தார்க்குத் தெரியாமற் போகலாம், நமக்குத் தெரியும். நம் திருவரங்கக் கோயில் ஏழு மதில்களுக்குள் 156 ஏக்கர் என்பர். அவ்வளவிற்குள் கோயிலும் கோபுரங்களும் மட்டுமா உள்ளன? சித்திரை வீதிகளும் உத்தர வீதிகளும் உள்ளன, வீடுகள் உள்ளன, கடைகள் உள்ளன, பூ விற்பாரும் பானை விற்பாரும் உள்ளனர், தேர் ஓடுகிறது, ஆயிரக்கணக்கான குடும்பங்கள் பிறந்து வளர்ந்து மாய்கின்றன. அம்முழுத் திருவரங்கத்தினும் பெரிய நிலத்தைத் தலைநகரின் நடுவே வளைத்து, ஓரத்தில் குதிரை ஓட்டவும் நடுவில் குழிப்பந்து உருட்டவும் சில நூற்றுவர்க்கு விட்டு வைத்திருந்தோம்! குழிப்பந்துக்கு ஒரு திருவரங்கம். கோலிக்குண்டுக்குத் தெருச்சாக்கடை ஓரம்!

1970ஆம் ஆண்டு தொட்டு வாடகையைக் காலத்திற்கேற்ப உயர்த்தி அரசு கேட்டது, களிமன்று ஒப்பவில்லை. 1970 முதல் 2004 வரைக்கான நிலுவையாகிய 730 கோடியே 86 இலக்கம் உருபாவைச் செலுத்துமாறு 2023ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்களில் சென்னை உயர் முறைமன்றம் ஆணையிட்டது. உழவன் ஒருவன் கூட்டுறவுக் கடனில் சில ஆயிரம் நிலுவை வைத்தால் அவன் வீட்டு அண்டாவும் நகையும் என்ன பாடுபடும் என்பதை நாம் அறிவோம். எழுநூறு கோடிக்கு நிலுவை வைத்தவனிடம் மட்டும் ஐம்பதாண்டுப் பொறுமை!

அரசுகள் ஒன்றுமே செய்யவில்லையோ எனின், செய்தன. அதுவும் கூறல் நடுநிலையாகும். 1974ஆம் ஆண்டு கலைஞர் ஆட்சி குதிரைப் பந்தயத்தை ஒழிக்கச் சட்டம் செய்தது. 1986ஆம் ஆண்டு ம.கோ.இரா. ஆட்சி அக்களிமன்றையே அரசுடைமையாக்கச் சட்டம் செய்தது. 1996ஆம் ஆண்டு உச்ச முறைமன்றம், குதிரைப் பந்தயம் சூதன்று, திறனாட்டம் என்று கூறி அம்முயற்சிகளை வீழ்த்தியது. குதிரையின் திறன் உண்டு; ஓட்டுபவன் திறன் உண்டு; பணங்கட்டிப் பார்த்திருப்பவன் திறன் யாது என்பது நம் சிற்றறிவிற்கு எட்டவில்லை. 2024ஆம் ஆண்டு சூலையில், 1978இலேயே குத்தகை முடிந்திருந்த உதகைப் பந்தய வெளி 52 ஏக்கரை அரசு மீட்டது. அவ்வாண்டு செப்டம்பரில் கிண்டிக் குத்தகையையும் நீக்கி வாயிலைப் பூட்டியது. பந்தயக் களிமன்றும், நடுவே குழிப்பந்தாடிய களிமன்றும் முறைமன்றம் ஏறின. வெள்ளநீர் தேக்கக் குளங்களும் 118 ஏக்கரில் பூங்காவும் அங்கு அமைக்க அரசு திட்டமிட்டது.

குளம்! 2015இல் வெள்ளத்தில் மூழ்கிய நகர் அது. 2019இல் ஏரிகள் வறண்டு, சோலையார்பேட்டையினின்று தொடர்வண்டியில் குடிநீர் ஏற்றிவரப்பட்ட நகர் அது. நம் ஊரில் உய்யக்கொண்டான் வாய்க்காலை வெட்டிவித்த சோழன், நிலத்தைக் கண்டதும் நீரை எண்ணினான். தலைநகரின் நடுநிலத்தில் குளம் வெட்டும் எண்ணம் செயலாவதற்கு, விடுதலை பெற்ற தமிழ்நாட்டிற்கு 77 ஆண்டுகள் தேவைப்பட்டன!

வேட்டிக்கு மூடிய வாயில்

நிலம் ஒருபுறம் இருக்க, மானத்தைப் பாருங்கள். 2014ஆம் ஆண்டு சூலைத் திங்களில் சென்னைச் சேப்பாக்கத்தில், மட்டைப்பந்துச் சங்கத்தின் களிமன்றில் நடந்த ஒரு நூல் வெளியீட்டு விழாவிற்குச் சென்னை உயர் முறைமன்ற நடுவர் அரிபரந்தாமன் வேட்டி கட்டிச் சென்றார். வாயிலில் நிறுத்தப்பட்டார். தமிழ்நாட்டின் தலைநகரில், ஒரு நூலின் விழாவிற்கு, தமிழ்நாட்டு முறைமன்றத்து நடுவர், தமிழர் உடையில் நுழையலாகாது! அவ்விதியை எழுதியவன் வெள்ளையன். 67 ஆண்டுகள் அதனைத் தூசு தட்டிக் காத்தவன் நம்மவன். நாடு கொதித்தது. அதே ஆண்டு ஆகத்தில் சட்டமன்றம் ஒரு சட்டம் செய்தது. வேட்டி கட்டியவரைப் பொதுவிடங்களிலோ களிமன்றுகளிலோ தடுத்தால் ஓராண்டு வரை சிறையும் 25,000 உருபா வரை தண்டமும் உண்டு.

ஈண்டு நம் குற்றத்தையும் மறைக்கலாகாது. நம் பழைய மன்று எல்லார்க்கும் திறந்திருந்ததோ எனின், இல்லை. நான் மேலே போற்றிய தஞ்சைக் கல்வெட்டிலேயே ஊரிருக்கை வேறு, சேரி வேறு, சுடுகாடும் வேறு வேறு. நாமும் வேலி கட்டினோம். கண்ணுக்குத் தெரியாத, முள்ளினும் கொடிய வேலி. கோயில் வாயிலையே உடன்பிறந்தார்க்கு அடைத்தோம். அதனைத் திறக்க 1947ஆம் ஆண்டு சென்னை மாநிலத்தில் சட்டம் வேண்டியிருந்தது. ஆயின் ஒன்று காணுங்கள்: கடவுளின் வாயில் ஒடுக்கப்பட்டார்க்குத் திறந்தது 1947இல், களிமன்றின் வாயில் வேட்டிக்குத் திறந்தது 2014இல். கருவறையைக் காட்டிலும் களிக்கூடத்தின் தீட்டுக் கடுமையானது போலும்!

அவர் கூறுவனவும் நாம் கூறுவதும்

"இப்பசும்புல்வெளிகளே நகரின் மூச்சுப்பை, இவற்றைப் பறித்தால் அடுக்குமாடி எழும்பும்" என்பர். இது புறந்தள்ளத்தக்க உரையன்று. வெற்றுவெளி வெற்றுவெளியாகவே இருத்தல் வேண்டும் என்பதே நம் கோரிக்கையும். ஆயின் மூச்சுப்பை என்றால் எல்லாரும் மூச்சு விடட்டுமே! காற்றுக்கும் உறுப்பினர் கட்டணம் உண்டோ? மேலும், கடலோரக் குளிர்நாட்டில் மழையே நீர் பாய்ச்ச, ஆடே புல் மேய்ந்து சமன் செய்ய, தானே அமைந்த களம் அது. நம் கத்திரி வெயிலில் அதே பச்சையைக் காட்டுவதற்கு இடையறாது நீரிறைத்தல் வேண்டும்; உரமிடல் வேண்டும்; பூச்சிக்கொல்லி தெளித்தல் வேண்டும். வேம்பும் புங்கும் நின்றால் அவை கேளாமலே நிழல் தரும்.

"எம் பணத்தில் யாம் ஆடுகிறோம், உமக்கென்ன?" என்பர். உம் பணத்தில் உம் நிலத்தை வாங்கி, உம் கிணற்று நீரை அளந்து பாய்ச்சி ஆடுவீராயின் எமக்கு ஒன்றுமில்லை. எம் வழக்கு பொதுநிலத்தைப் பற்றியதே. ஏக்கருக்கு நான்கு உருபா கொடுத்துவிட்டு 'எம் பணம்' என்றல், கோயில் உண்டியலில் காலணா இட்டவன் கோபுரத்தை உரிமை கேட்டதை ஒக்கும்.

"வெளிநாட்டார் வருவர்; தொழில் பெருகும்" என்பர். இதுவே எல்லாவற்றினும் இடர் மிக்கது. ஏனெனின் இதனைக் கேட்டு அரசுகள் மயங்கும். பழைய களிமன்றினின்று மீட்ட நிலத்தைப் புதிய களிமன்றுக்கு, பெருங்குழுமத்திற்கு, விண்முட்டும் விடுதிக்கு விடத் துடிப்பார் எக்கட்சியிலும் உளர். வெள்ளைத் துரையிடமிருந்து பிடுங்கிக் கறுப்புத் துரையிடம் கொடுத்தோம் 1947இல். கறுப்புத் துரையிடமிருந்து பிடுங்கிப் பணத்துரையிடம் கொடுப்பதற்கு இன்னொரு மீட்பு எதற்கு? மீட்டவன் மீண்டும் விற்பானாயின் அவன் மீட்பனல்லன், தரகன்.

செய்ய வேண்டுவன

தமிழ்நாட்டரசின் முன்னும், அதனை ஆள வருவார் எவர்முன்னும் நாம் வைப்பன இவை:

1. குத்தகை முடிந்த, நீக்கப்பட்ட பொதுநிலம் எதுவும் மீண்டும் எக்களிமன்றுக்கும் எப்பெருங்குழுமத்திற்கும் விடப்படலாகாது. இதனைச் சட்டமாகவே செய்தல் வேண்டும். ஓர் ஆட்சியின் ஆணையை மறு ஆட்சி மாற்றும்.

2. மாவட்டந்தோறும் களிமன்றுகளின் கையிலுள்ள அரசு நிலம் எவ்வளவு, குத்தகைத் தொகை எவ்வளவு, முடியும் ஆண்டு யாது, நிலுவை யாது என்பதைத் தமிழில் அச்சிட்டு மாவட்ட ஆட்சியர் அலுவலகத்தில் மக்கள் பார்வைக்கு வைத்தல் வேண்டும். நம் திருச்சிராப்பள்ளியே இதற்கு முதலடி எடுத்து வைக்கட்டும்.

3. மீண்ட நிலத்தில் குளம், மரநிழல், ஆட்டத்திடல் ஆகிய மூன்றுமே அமைதல் வேண்டும். எச்சிறுவனும் காசின்றி, கேள்வியின்றி உள்ளே நுழைதல் வேண்டும். குழிப்பந்து ஆட விரும்புவாரும் வரட்டும். சடுகுடு ஆடுவாரோடு வரிசையில் நின்று தம் முறைக்குக் காத்திருக்கட்டும். செயின்ட் ஆண்ட்ரூசில் அதுதானே முறை!

4. அரசு நிலத்தில் இயங்கும் களிமன்றுகளின் பெயரும் விதியும் அறிவிப்பும் தமிழில் இருத்தல் வேண்டும். நிலம் தமிழர்க்குரியது; அந்நிலத்தின்மேல் நிற்கும் பலகைக்குத் தமிழ் தெரியாதோ?

5. நம் நகரின் 'ரேசு கோர்சு சாலை'க்கு நல்ல தமிழ்ப்பெயர் சூட்டுதல் வேண்டும். அச்சாலையில் ஓடிப் பழகி உயர்ந்த நம் பிள்ளைகளை நினைவூட்டும் பெயராக அஃது இருக்கட்டும்.

இவற்றை அரசு தானே செய்யும் என்று வாளா இருப்போமாயின் ஒன்றும் நடவாது. சுகாத்துலாந்தில் ஒரு சிற்றூர் மக்கள் முயல் வணிகரிடமிருந்து தம் புல்வெளியை மீட்கப் பல்லாண்டு விடாது நின்றனர். நம் மக்களோ, களிமன்று வேலியைக் கடக்கும்போதெல்லாம் 'பெரியவர்கள் இடம்' என்று குரலைத் தாழ்த்திக் கொள்கின்றனர். நம்முள் ஒருவன் நாலு காசு சேர்த்ததும் அவ்வேலியை உடைக்க எண்ணுவதில்லை. அதற்குள் உறுப்பினனாக நுழையவே பத்தாண்டு காத்துக் கிடக்கிறான்! வேலியின் வலிமை முள்ளில் இல்லை, தமிழனே. உள்ளே போனால் பெருமை என்று வெளியே நின்று ஏங்கும் உன் உள்ளத்தில் இருக்கிறது.

அரங்கம் என்னும் நம் சொல்லுக்கு ஆற்றிடைத் தீவு என்றும் பொருள். ஆடுமிடம் என்றும் பொருள். எல்லாரும் ஏறி நிற்கத் தக்க மேட்டிடம் அது. தமிழ்நாட்டில் மீளும் ஒவ்வொரு வெளியும் அத்தகைய அரங்கமாதல் வேண்டும்.

அம்மாணவனை மறுநாள் அழைத்தேன். "தம்பி, நேற்று நான் கூறியது தவறு. கிளப் என்பது மன்றமன்று. அது நம் மன்றை அடைத்த வேலி. நாம் உள்ளே போய்ப் பார்க்க வேண்டியதில்லை. அது வெளியே வர வேண்டும்" என்றேன். சற்று நேரம் எண்ணிப் பார்த்துவிட்டு அவன் கேட்டான்: "வேலியை எடுத்துவிட்டால் அது மன்றமாகிவிடுமா, ஐயா?"

ஆகும், தம்பி. வேலியை எடுத்துவிட்டால் அது மன்றுதான்!

எழுக தமிழர்! மீள்க மன்று! வெல்க தமிழ்!